மூணாம் ரீல் துரை

போன செவ்வாய்க்கிழமை எனக்கு ஒரு தபால் வந்தது. சீமைத் தபால்.

எங்கள் டெண்டுக் கொட்டகைக்கு வருகிற தபால் எல்லாம் முதலாளி நயினாருக்குத்தான். ஆபரேட்டருக்கு யார் எழுதுவார்கள்? தபால்காரர் சைக்கிளைக் கேபின் சுவரில் சாய்த்தார். கவரை இப்படியும் அப்படியும் திருப்பினார்.

"ஆபரேட்டர், டெண்டு சினிமா, செஞ்சி... அவ்ளோதான் போட்டிருக்குது. பேரே இல்ல. நீதான?"

"நான்தான்."

"லண்டன்ல உனக்கு யாருய்யா?"

"ஒருத்தர் இருக்கார்."

அவர் இன்னும் கொஞ்ச நேரம் நின்றார். நான் ரீல் சுற்றப் போய்விட்டேன்.

இந்தப் பத்திரிகையில் இந்தப் பக்கத்தை வாராவாரம் படிக்கிறவர்களுக்கு என்னைத் தெரியும். கேட்டதற்கு மேல் சொல்லமாட்டேன். ஆனால் இந்தக் கடிதத்துக்குப் பதில் எழுத எனக்கு நாலு நாள் பிடித்தது. ஏன் என்று உங்களிடம் சொல்லித்தான் ஆகணும்.

கடிதத்தைப் படித்துக் காட்டியவன் சவரிமுத்து. கொட்டகை வாசலில் வறுத்த மல்லாட்டை, வேர்க்கடலைதான், விற்கிறான். முன்னே ஒரு வெள்ளைக்காரச் சாமியாருக்குச் சமையல் செய்தவன். அதனால் தனக்கு இங்கிலீஷ் தெரியும் என்று சொல்லுவான். செஞ்சியில் அதை மறுத்துச் சொல்ல ஆள் கிடையாது.

கடிதம் சின்னது.

'நாம் எடுத்த படம் உங்கள் ஊருக்கு வந்ததா? என் சாவு அங்கே எப்படி இருந்தது? இங்கே அம்மா வழக்கம்போலப் பாதியில் எழுந்து வீட்டுக்குப் போய்விட்டார்.'

கீழே கையெழுத்து. டெட்.

இந்த டெட் துரை சினிமா நடிகர். இங்கிலீஷ் படங்களில் நடிக்கிறவர். உங்களுக்குத் தெரிந்திருக்காது. அவர் ஊரிலேயே பல பேருக்குத் தெரியாதாம். அவருக்கு இருந்தது ஒரே ஆசை — ஒரு படத்திலாவது கடைசி வரைக்கும் உயிரோடு இருக்கணும். ஒரு தடவை அது கிடைத்தது.

அதைக் கெடுத்தவன் நான்.

தமிழ்ப் படப் பெட்டி வரத் தாமதமானால் நயினார் ஒரு இங்கிலீஷ் படத்தைப் போட்டு நாளை ஓட்டுவார். குதிரை, கத்தி, கோட்டை இருந்தால் போதும், எங்கள் ஜனங்கள் வருவார்கள். பேச்சு புரியாது. புரிந்து என்ன ஆகப்போகிறது? கத்தியை உருவினால் சண்டை. அழுதால் சாவு. இதற்கு டிக்சனரி எதற்கு?

எங்கள் கொட்டகையில் மிஷின் ஒன்றுதான். ஒரு ரீல் முடிந்தால் லைட்டைப் போடணும். அடுத்த ரீலை நான் மாட்டுகிற வரைக்கும் ஜனங்களுக்கு டீ, சோடா, பீடி. இங்கிலீஷ் படம் அஞ்சு ரீல். நாலு இடைவேளை.

இதில் ஒரு ஆசாமியை நான் கவனித்தேன். குண்டாக இருப்பார். மூக்கு சிவந்திருக்கும். ஹீரோவுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு ஏதாவது சொல்லிச் சிரிக்க வைப்பார். ஒரு படத்தில் குதிரைக்காரர். இன்னொன்றில் சமையல்காரர். இன்னொன்றில் கிழட்டு சிப்பாய். எந்த வேஷமானாலும் சரி, மூணாம் ரீல் முடிவதற்குள் செத்துப்போவார்.

எனக்கு இங்கிலீஷ் எழுத்து தெரியாது. ஆனால் அவர் பேரின் உருவம் தெரியும். டைட்டிலில் ஏழாவது வரி. முதல் எழுத்து சீப்பு மாதிரி இருக்கும்.

தரை டிக்கெட்டுக்காரர்களுக்கும் அவரைத் தெரியும். மூணாம் ரீல் துரை என்று பேர் வைத்துவிட்டார்கள். அவர் ஈட்டி பட்டு விழுவார். உடனே மணலில் இருந்து நாலு பேர் எழுந்து வேட்டியைத் தட்டுவார்கள்.

"தொரை பூட்டாரு. வா, டீ குடிக்கலாம்."

நான் லைட்டைப் போடுவதற்கு முன்னாலேயே டீக்கடையில் கூட்டம் நிற்கும். அவ்வளவு நேரம் தவறாத மனுஷர்.

இப்படிப் பதினோரு படம். பதினோரு சாவு. எல்லாம் என் கையால் ஓட்டியது.

மூணு வருஷம் முன்னால் எங்கள் கோட்டையில் படம் எடுக்க ஒரு வெள்ளைக்காரக் கம்பெனி வந்தது. ரெண்டு வேன், மூணு கார். கூட்டு ரோட்டில் டீ குடிக்க நிறுத்தினார்கள். முதல் காரில் இருந்து ஹீரோ இறங்கினான். பனைமர உயரம். தலைமயிர் வைக்கோல் கலர். கறுப்புக் கண்ணாடி. ஜனங்கள் பார்த்தார்கள். சரி, ஒரு வெள்ளைக்காரன். அவ்வளவுதான்.

கடைசிக் காரில் இருந்து ஒரு குண்டு ஆசாமி தொப்பியால் விசிறிக்கொண்டே இறங்கினார். பஸ் ஸ்டாண்டில் மூட்டை தூக்கும் ஏழுமலை மூட்டையைக் கீழே போட்டான்.

"டேய்! மூணாம் ரீலுடா!"

அவ்வளவுதான். டீக்கடை, சைக்கிள் கடை, சலூன் எல்லாம் காலி. பாதி சவரத்தில் ஒருத்தன் சோப்பு முகத்தோடு ஓடி வந்தான். ஹீரோ பேனாவை எடுத்துக்கொண்டு சிரித்தபடி நின்றான், கையெழுத்துப் போட. கூட்டம் அவனைத் தாண்டிப் போய்விட்டது.

குண்டு துரை பின்னால் திரும்பிப் பார்த்தார். யாரைத் தேடி ஓடி வருகிறார்கள் என்று. பின்னால் யாரும் இல்லை. ஒரு மாடு நின்றது.

சவரிமுத்து முன்னால் போய் இங்கிலீஷில் என்னவோ சொன்னான். துரை விழுந்து விழுந்து சிரித்தார்.

"இன்னாடா சொன்ன?" என்று கேட்டேன்.

"இவங்களுக்கு உங்களத் தெரியும் சார், நீங்க சாவுறவருன்னு சொன்னேன். பேரு கேட்டேன். இன்னா பேரு தெரியுமா?"

"இன்னா?"

"டெட்டு. இங்கிலீஷ்ல டெட்டுன்னா செத்தவன்னு அர்த்தம்யா. ஆத்தா அப்பனே வச்சிருக்குது பாரு!"

எட்வர்ட் என்ற பேரைச் சுருக்கினால் அவர்கள் ஊரில் டெட் என்று வருமாம். இது வெகுநாள் கழித்துத்தான் தெரிந்தது. அதற்குள் செஞ்சி முழுக்கச் செய்தி போய்விட்டது. பிறக்கும்போதே செத்தவன் என்று பேர் வைக்கப்பட்ட ஒரு துரை வந்திருக்கிறார்!

ஜனங்கள் விடவில்லை. "ஈட்டி! ஈட்டி!" என்று கத்தினார்கள். சவரிமுத்து புரிய வைத்தான். துரை தொப்பியைக் கழற்றி ஏழுமலையிடம் கொடுத்தார். நெஞ்சைப் பிடித்தார். ரெண்டு அடி பின்னால் வைத்தார். கண் மேலே போனது. கூட்டு ரோட்டுப் புழுதியில் அப்படியே சாய்ந்தார். கைத்தட்டல்.

"துப்பாக்கி!" எழுந்து மறுபடி செத்தார். "அம்பு!" அதற்கும். "வெஷம்!" டீ கிளாசை வாங்கி ஒரு மடக்குக் குடித்து, தொண்டையைப் பிடித்து... அதுவும் ஆச்சு. வெள்ளைச் சட்டை செம்மண் கலர் ஆகிவிட்டது. ஹீரோ காரில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டான்.

அன்றிலிருந்து துரை சாயங்காலம் ஆனால் எங்கள் கொட்டகைக்கு வந்துவிடுவார். கேபினில் பெட்டி மேல் உட்கார்ந்துகொள்வார். நான் ரீல் மாட்டுவதைப் பார்ப்பார். நானும் பேசமாட்டேன். அவருக்கும் தமிழ் தெரியாது. ரொம்பச் சௌகரியமாக இருந்தது.

ஒருநாள் சவரிமுத்துவைக் கூப்பிட்டு ஒன்று கேட்கச் சொன்னேன். ஏன் எப்பவும் உங்களையே சாகடிக்கிறார்கள்?

துரை யோசித்தார். மெதுவாகச் சொன்னார். சவரிமுத்து அவனுக்குத் தெரிந்த மாதிரி தமிழாக்கினான்.

"சின்ன வயசுல பிஸ்கட் கடைல வேலையாம். சினிமாக்காரங்க குதிரைல இருந்து விழ ஆள் தேடினாங்களாம். இவரு போயி விழுந்தாராம். நல்லா விழுறான்னு எழுதி வச்சுக்கிட்டாங்களாம். அதுல இருந்து விழுந்துக்கினே இருக்காராம்."

"அதுக்கு இவர்தானா?"

"இதைக் கேளு. படத்துல ஹீரோவுக்குப் பாதில கோவம் வரணுமாம். கோவம் வரணும்னா யாராச்சும் சாவணும். ஜனங்களுக்குப் புடிக்காதவன் செத்தா கோவம் எப்டி வரும்? அதனால மூணு ரீலுக்குள்ள ஜனங்களுக்கு ஒருத்தனப் புடிச்சுப்பூடணும். அதான் என் வேலைன்றாரு. ஹீரோவுக்கு அஞ்சு ரீல் இருக்குது. எனக்கு மூணுதான்றாரு."

எனக்கு அது மனதில் நின்றுவிட்டது.

யோசித்துப் பாருங்கள். உங்கள் ஆபீசில், உங்கள் மில்லில், டைட்டிலில் ஏழாவது பேர் யார்? அவர் லீவு போட்டால்தானே தெரியும், எல்லோரையும் கோத்து வைத்திருந்த நூல் அவர்தான் என்று? ஆனால் மாலை என்னவோ முதல் பேருக்குத்தான்.

சரி. என் தப்புக்கு வருகிறேன்.

கோட்டைச் சண்டைக்கு சிப்பாய் வேஷம் போட உள்ளூர் ஆட்கள் வேணும் என்றார்கள். பகலில் எனக்கு வேலை இல்லை. நானும் போனேன். சவரிமுத்து, ஏழுமலை, இன்னும் முப்பது பேர். காக்கிச் சட்டை, சிவப்புத் தலைப்பாகை, மரத் துப்பாக்கி. கோட்டைக்குள்ளே கல்யாண மகாலுக்குப் பக்கத்தில் கேமராவை வைத்தார்கள்.

டைரக்டர் ஒல்லியான மனுஷர். எப்போதும் வாயில் விசில். அவர் சொல்லச் சொல்ல சவரிமுத்து எங்களுக்குச் சொன்னான்.

"தொரை செவுத்து மேல நிப்பாரு. குண்டு படும். விழுவாரு. நாம நாலு பேரு போயி பாத்துத் தூக்கியாந்து நெழல்ல படுக்க வைக்கணும். அடி பலம். அப்புறம் இன்னா செய்யணுமோ செய்யுங்கன்றாரு."

இன்னா செய்யணுமோ செய்யுங்க. டைரக்டர் நினைத்தது தண்ணீர் கொடுப்பது, காயத்தைத் துடைப்பது, விசிறுவது. எங்களுக்கு அது எப்படித் தெரியும்? பதினோரு படம் பார்த்தவர்கள் நாங்கள். அவர் விழுந்தால் என்ன அர்த்தம்?

துரை விழுந்தார். அழகாக விழுந்தார். நாலு பேர் தூக்கினோம். நல்ல கனம். வேப்பமர நிழலில் கிடத்தினோம்.

நான் அவரைப் பார்த்தேன். பதினோரு தடவை இந்த மனுஷர் என் மிஷினில் செத்திருக்கிறார். ஒரு தடவையாவது யாராவது முறையாகச் செய்தார்களா? கண்ணை மட்டும் மூடி, அப்படியே போட்டுவிட்டுக் குதிரை ஏறிப் போய்விடுவார்கள். கேட்பாரற்ற பிணம் மாதிரி. இது எங்கள் ஊர். எங்கள் ஊரில் அப்படி விடுவோமா?

கண்ணை மூடினேன். என் தலைப்பாகையில் ஒரு முழம் கிழித்து வாய்க்கட்டு கட்டினேன். பூட்ஸ் கயிற்றை அவிழ்த்துக் கழற்றினேன். காலுறையைக் கழற்றினேன். உறையில் ஒரு ஓட்டை. ரெண்டு கால் கட்டைவிரலையும் சேர்த்து வைத்து இன்னொரு கிழிசலால் கட்டினேன்.

"தலையைத் தெக்கால திருப்பு" என்றான் ஏழுமலை, மெதுவாக. ஆமாம், மறந்துவிட்டேன். நாலு பேரும் சேர்ந்து திருப்பினோம். சவரிமுத்து தலைப்பாகையைக் கழற்றி, முட்டி போட்டு, நெற்றியில் சிலுவை போட்டுவிட்டான். பின்னால் நின்ற முப்பது பேரும் சொல்லாமலே தலைப்பாகையைக் கழற்றினார்கள். யாரோ மூக்கை உறிஞ்சினான்.

நடிப்பு இல்லை. எங்களுக்கு அது வரவும் வராது.

துரை அசையவில்லை. கேமரா ஓடிக்கொண்டிருந்தது. கேமரா ஓடும்போது அசையக்கூடாது என்பது அவர் தொழில். கால் விரலைக் கட்டுகிறார்கள், தூக்கித் திருப்புகிறார்கள்... கல் மாதிரி கிடந்தார். அன்று கொஞ்சம் மோசமான நடிகராக இருந்திருக்கலாம். ஒரு தும்மல் தும்மியிருந்தால் போதும்.

விசில் சத்தம் வரவில்லை. டைரக்டர் விசிலை வாயில் இருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அப்புறம் ஓடி வந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினார். கேமராவைக் கிட்டக் கொண்டுவரச் சொன்னார். என் முகம், என் கை, அந்த முடிச்சு — மூன்றையும் தனித்தனியாக எடுத்தார்கள்.

தூரத்தில் நின்று டைரக்டரும் இன்னும் ரெண்டு பேரும் பேசினார்கள். சவரிமுத்து காதைத் தீட்டிக்கொண்டு கேட்டான். திரும்பி வரும்போது அவன் முகம் சரியில்லை.

"யோவ்... நாம ஒரு தப்பு பண்ணிட்டோம்யா."

"இன்னா?"

"தொரை சாவ வேணாமாம். இந்தப் படத்துல பொழச்சுக்குவாராம். கடைசில ஹீரோவோட கப்பல் ஏறி ஊருக்குப் போவாராம். இப்ப டைரக்டர் சொல்றாரு, இவ்ளோ நல்லா வந்துட்டுது, இதுக்கு மேல அந்தாளு எழுந்து வந்தா படம் கெட்டுப்பூடும்ன்றாரு."

"அப்ப?"

"அப்ப இன்னா. செத்துட்டாரு."

துரை மரத்தடியில் உட்கார்ந்து பூட்ஸைப் போட்டுக்கொண்டிருந்தார். டைரக்டர் போய்ச் சொன்னார். துரை கேட்டார். தலையை ஆட்டினார். குனிந்து கயிற்றைக் கட்டினார். ரொம்ப நேரம் கட்டினார்.

அன்று சாயங்காலமும் கேபினுக்கு வந்தார். பெட்டி மேல் உட்கார்ந்தார். நான் சவரிமுத்துவைக் கூப்பிட்டேன். தப்பு என்னுது என்று சொல்லச் சொன்னேன்.

துரை கையை ஆட்டினார். பரவாயில்லை என்று. அப்புறம் ஒன்று சொன்னார். சவரிமுத்து தமிழில் சொன்னான்.

"அவங்க அம்மாவுக்கு எண்பது வயசாம். இவரு படம் எது வந்தாலும் மொத ஆளா போவாங்களாம். இவரு செத்ததும் எழுந்து வீட்டுக்குப் பூடுவாங்களாம். புள்ள இல்லாத படத்தை எதுக்குப் பாக்கணும்னு. எந்தப் படமும் முழுசா பாத்ததே இல்லியாம். இந்தத் தடவை சொல்லிட்டு வந்தாராம். 'அம்மா, இதுல கடைசி வரைக்கும் ஒக்காரு, நான் இருப்பேன்'னு."

மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. நான் விளக்கின் கார்பன் குச்சியைச் சரி பண்ணினேன். வேறு என்ன செய்வது?

போகும்போது துரை வாசலில் நின்றார். இன்னும் ஒன்று சொன்னார். 'ஹீரோக்கள் பல பேர் என் கண்ணை மூடியிருக்கிறார்கள், மூடும்போது ஒருத்தனும் என்னைப் பார்த்ததில்லை, எல்லோரும் கேமராவைப் பார்த்தார்கள். நீ என்னைப் பார்த்தாய்.' அவ்வளவுதான் சொன்னார். அந்த வாரமே கம்பெனி கிளம்பிவிட்டது.

ரெண்டு வருஷம் ஓடியது. போன வருஷம் அந்தப் படத்தின் பெட்டி வந்தது. நயினார் தண்டோரா போட்டார். நம்ம கோட்டை, நம்ம ஜனங்கள், இங்கிலீஷ் படத்தில்! அனந்தபுரம் பக்கமிருந்தெல்லாம் வண்டி கட்டி வந்தார்கள். என் வீட்டுக்காரி தனம் தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள், எங்க வீட்டுக்காரரு நடிச்சிருக்காரு என்று. புதுப் புடவை கட்டிக்கொண்டு, அக்கம்பக்கத்துப் பெண்களைக் கூட்டிக்கொண்டு, பெண்கள் பக்கத்தில் முதல் வரிசை மணலில் இடம் பிடித்தாள்.

நான் பகலிலேயே பெட்டியைத் திறந்து ரீலைப் பார்த்துவிட்டேன். மூணாம் ரீலின் கடைசி. ரெண்டு நிமிஷத்துக்குக் கொஞ்சம் மேல். நான் கண்ணை மூடுகிறேன். வாய்க்கட்டு. கால்கட்டு. என் முகம் திரை முழுக்க. படத்தில் என் முகம் தெரிவது அந்த இடத்தில் மட்டும்தான்.

முதல் ரீலில் இன்னொரு இடம். துரை எங்கள் கோட்டையின் கிருஷ்ணகிரி மலைப் படியில் நின்று தொப்பியைக் கழற்றி ஆட்டுகிறார். முகமெல்லாம் சிரிப்பு. அது நடிப்பு இல்லை. அது எடுத்த அன்று கீழே நாங்கள் எல்லோரும் "டெட்டு! டெட்டு!" என்று கத்திக்கொண்டிருந்தோம். எங்களைப் பார்த்து ஆட்டியது.

கத்தரிக்கோலை எடுத்தேன்.

பெட்டியில் கை வைப்பது ஆபரேட்டர் செய்யக்கூடாத தப்பு. தெரியும். மூணாம் ரீலில் துரை விழுவதை விட்டேன். நாங்கள் தூக்குவதை விட்டேன், அதில் முதுகுதான் தெரியும். நிழலில் கிடத்தியதோடு வெட்டினேன். நாலாம் ரீலில் ஒரு சிலுவை நட்ட சமாதி வந்தது. அதையும் எடுத்தேன். முதல் ரீலில் தொப்பி ஆட்டுவதை வெட்டி, கடைசி ரீலில் ஹீரோ கப்பல் ஏறியதற்குப் பிறகு ஒட்டினேன். சுரண்டி, பிலிம் ஒட்டுகிற சிமெண்ட் தடவி, காய்கிற வரைக்கும் விரலால் அழுத்திப் பிடித்தேன்.

முதல் ஆட்டம். மூணாம் ரீலில் துரை விழுந்தார். நாலு பேர் எழுந்து வேட்டியைத் தட்டினார்கள். லைட் போட்டேன். டீக்கடை.

"அன்னிக்குக் கால்கட்டு போட்டமே, அது வரலியே?" என்றான் ஏழுமலை, கேபின் ஓட்டையில் முகத்தை வைத்து.

"வரல."

நாலாம் ரீல். அஞ்சாம் ரீல். ஹீரோ கோபமாகப் பத்துப் பேரை வெட்டினான். ஏன் கோபம் என்று யாரும் கேட்கவில்லை. இங்கிலீஷ் பட ஹீரோவிடம் காரணம் கேட்கிற பழக்கம் எங்களுக்குக் கிடையாது. கப்பல் கிளம்பியது. ஜனங்கள் துண்டை உதறித் தோளில் போட்டார்கள்.

ஒட்டு வந்தது. 'டப்' என்று ஒரு சத்தம். திரையில் கிருஷ்ணகிரிப் படி. துரை. சிரிப்பு. தொப்பி.

வாசல் பக்கம் கிளம்பியவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"டேய்... டெட்டு உசுரோட இருக்கார்டா!"

அப்புறம் ஒன்றும் கேட்கவில்லை. விசில். துண்டு பறந்தது. தரை டிக்கெட்டு, பெஞ்சு, சேர் எல்லாம் நின்றுகொண்டு கையை ஆட்டினார்கள், திரையில் இருக்கிறவருக்கு.

"கால் வெரலைக் கட்டி வச்சமேடா!"

"அவுத்துக்கிட்டு வந்துட்டாருடா!"

ஒன்ஸ்மோர் கேட்டார்கள். பின்னால் சுற்றி மறுபடி ஓட்டினேன். மறுபடி உயிரோடு வந்தார்.

நயினார் கையில் கடிகாரத்தோடு கேபினுக்கு வந்தார்.

"ஏம்பா, படம் ரெண்டு நிமிஷம் கொறையுதே?"

"இன்னிக்கி எஞ்சின் கொஞ்சம் வேகம் முதலாளி."

அவர் என்னைப் பார்த்தார். கடிகாரத்தைப் பார்த்தார். போய்விட்டார்.

வீட்டில் தனம் தட்டை வைத்தாள். குழம்பை ஊற்றினாள்.

"நீ எங்க?"

"வரல."

"உன் மொகத்தைக் கிட்ட வச்சு எடுத்தாங்கன்னு சொன்ன?"

"எடுத்தாங்க. வரல."

அவள் எழுந்து போனாள். புதுப் புடவையை மடித்துப் பெட்டியில் வைத்தாள்.

நாலு நாள் ஓடியது படம். நாலு நாளும் துரை சாகவில்லை. அஞ்சாம் நாள் காலையில் எல்லாவற்றையும் இருந்த இடத்தில் திருப்பி ஒட்டினேன். சாவைச் சாவின் இடத்தில் வைத்தேன். பெட்டி அவலூர்பேட்டைக்குப் போனது. அங்கே முறைப்படி செத்தார் என்று கேள்வி. "போயி உன் மூஞ்சியைப் பாத்துட்டு வாய்யா" என்றான் சவரிமுத்து. அவன் ஒருத்தனுக்குத்தான் விஷயம் தெரியும். நான் போகவில்லை.

இப்போது நயினாருக்கும் தெரிந்துவிடும். இந்தப் பக்கத்தை அவர் விடாமல் படிக்கிறவர். திட்டுவார். திட்டட்டும். தனத்துக்குப் படிக்கத் தெரியாது. பக்கத்து வீட்டுப் பெண் வாராவாரம் படித்துக் காட்டுகிறது. இந்த வாரம் நான் கொட்டகையிலேயே சாப்பிட்டுக்கொள்வது நல்லது.

நேற்றுதான் பதில் எழுதினோம். என் சாவு எப்படி இருந்தது என்று ஒருத்தர் கேட்டால் என்ன எழுதுவது? நாலு நாள் யோசித்ததில் நாலு வரி வந்தது. நான் சொன்னேன், சவரிமுத்து இங்கிலீஷில் எழுதினான்.

படம் வந்தது. ஜனங்கள் பார்த்தார்கள். இங்கே நீங்கள் சாகவில்லை. அம்மாவிடம் சொல்லவும்.

மூணாவது வரியைப் படித்துக் காட்டச் சொன்னேன். "ஹியர் யூ நாட் டெட், டெட்" என்றான். முதல் டெட்டு எது, ரெண்டாவது டெட்டு எது? துரைக்குப் புரியும்.

பிலிமை வெட்டி ஒட்டினால் ஓரத்தில் ஒரு கட்டம் வீணாகும். அன்று வீணான கட்டம் ஒன்றை பீடி டப்பாவில் வைத்திருந்தேன். கட்டை விரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிசு. வெளிச்சத்தில் பிடித்தால் தெரியும் — படி, துரை, கையில் தொப்பி. அதையும் கவரில் போட்டேன். அம்மா பார்க்கட்டும்.

"அடில இன்னா எழுத?" என்றான் சவரிமுத்து.

"கடைசி ரீல்னு எழுது."

ரீல் விடவில்லை. செஞ்சியில் அதுதான் கடைசி ரீல்.